ஐந்தாம் நாள் தீக்காயத்துக்கு எந்தக் கோடு?

மெடிக்கல் கோடிங்குக்கு வரும் ஒரு சார்ட்டை, அதாவது ஒரு நோயாளியின் மருத்துவக் குறிப்பை, எடுத்துக்கொள்வோம். அமெரிக்காவில் ஒருவர் வீட்டில் வறுக்கும்போது சூடான எண்ணெய் தெறித்து, வலது ஆள்காட்டி விரலில் கொப்புளம் வந்துவிட்டது. அன்றே அர்ஜென்ட் கேர் போய்ப் பார்த்தார், இரண்டாம் டிகிரி என்று எழுதினார்கள். ஐந்தாம் நாள் மறுபடியும் வருகிறார். கட்டைப் பிரித்துப் பார்த்து, நன்றாக ஆறிவருகிறது என்று எழுதி, சில்வர் சல்ஃபடையசின் தடவிப் புதுக் கட்டு போட்டு அனுப்புகிறார் டாக்டர். சென்னையிலோ திருச்சியிலோ கோவையிலோ உட்கார்ந்து இதைக் கோடு செய்பவர், அதாவது காப்பீட்டு க்ளெய்முக்காக ஐசிடி-10-சிஎம் என்ற அமெரிக்க நோய்க் குறியீடுகளாக மாற்றுபவர் முன்னால் நான்கு வழிகள் இருக்கின்றன. தீக்காயக் கோடையே எடுத்து, சிகிச்சை எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்பதைச் சொல்லும் ஏழாவது எழுத்தாக ஏ போடலாம், அல்லது நான்காவது ஆங்கில எழுத்தான டி போடலாம். கட்டு மாற்றியதற்கான இசட்48.00 போடலாம். மறுபரிசோதனைக்கான இசட்09 போடலாம். நான்கையும் தவறாமல் ஆடிட்டில் பார்க்கிறேன்.

இதில் அதிகம் ஏமாற்றுவது இசட்48.00. அறுவைசிகிச்சை அல்லாத காயத்தின் கட்டை மாற்ற வந்த வருகை என்பதுதான் அதன் விளக்கம். நம் சார்ட்டில் நடந்ததும் அதுவேதானே என்று தோன்றும். கோடுகளின் இன்டெக்ஸில் சேஞ்ச் என்பதன் கீழே டிரெஸ்ஸிங் என்று தேடினாலும் அங்கேதான் கொண்டுபோய் விடும். ஆனால் இசட்48 என்ற தலைப்பின் கீழே ஒரு எக்ஸ்க்ளூட்ஸ்1 குறிப்பு, அதாவது இவற்றை இங்கே சேர்க்காதே என்ற விலக்குக் குறிப்பு, இருக்கிறது: அடிபட்ட காயத்தின் பின்கவனிப்பு என்றால் இங்கே வராதே, அந்தக் காயத்தின் கோடுக்கே போய் உரிய ஏழாவது எழுத்தைப் போடு. வழிகாட்டு விதிகளின் இசட் கோடு பகுதியிலும் இதே விஷயம் தெளிவாக இருக்கிறது. தீக்காயமும் காயம்தான், அதனால் அதற்கும் இந்த விதி பொருந்தும். மென்பொருளில் தேடி நேராகக் கடைசிக் கோடில் போய் இறங்குகிறவர்கள் கண்ணில் மேலே இருக்கும் தலைப்புக் குறிப்பு படுவதே இல்லை. புதிதாகச் சேர்கிறவர்களிடம் நான் முதலில் சொல்வது, கோடு கிடைத்ததும் ஒரு படி மேலே ஏறிப் பாருங்கள் என்பதைத்தான். பழைய ஐசிடி-9இல் ஏழாவது எழுத்தே கிடையாது, கட்டு மாற்றுவதற்கு வி58.30 இருந்தது. 2015 அக்டோபர் 1க்கு முன்பே இந்தத் தொழிலுக்கு வந்தவர்கள் சிலருக்கு அந்தப் பழக்கம் இன்னும் விரலில் இருக்கிறது.

அடுத்தது ஏயும் டியும். குழப்பத்தின் வேர் இவற்றின் பெயரிலேயே இருக்கிறது. ஏ என்றால் முதல் வருகை, டி என்றால் அடுத்தடுத்த வருகை என்று பெயர் வைத்துவிட்டார்கள். அதனால் பலர் வருகையை எண்ணிப் பார்த்தே எழுத்தைப் போடுகிறார்கள். விதி எண்ணிக்கையைப் பற்றிப் பேசவே இல்லை. காயத்துக்குத் தீவிர சிகிச்சை நடக்கிற ஒவ்வொரு வருகைக்கும் ஏ. அந்தச் சிகிச்சை முடிந்து, ஆறுகிற காலத்தில் நடக்கும் வழக்கமான கவனிப்புக்கு டி. அப்படியானால், அதே நோயாளி ஐந்தாம் நாள் வேறொரு கிளினிக்குக்கு முதன்முறையாகப் போனாலும், காயம் ஒழுங்காக ஆறிவந்து கட்டு மட்டும் மாற்றப்பட்டால் டிதான். புது டாக்டர் என்பதால் ஏ ஆகிவிடாது. அதே டாக்டரிடம் மூன்றாவது முறை போகும்போது காயம் ஆறாமல் நின்று, தோல் கருகி, அதற்குச் சிகிச்சையை மறுபடி தொடங்குகிறார் என்றால் ஏ. ஆறாத தீக்காயத்தைப் புதுக் காயம்போலவே கோடு செய்யச் சொல்கிறது வழிகாட்டி. கருகிய திசுவும் ஆறாத காயமாகவே கணக்கு. சீழ் பிடித்திருப்பதாக டாக்டர் எழுதியிருந்தால் தொற்றுக்குத் தனியாக இன்னொரு கோடு சேர்க்க வேண்டும்.

இங்கே சிலர் டாக்டர் செய்த சிகிச்சையைக் குறிக்கும் சிபிடி கோடைப் பார்த்து ஏழாவது எழுத்தை ஊகிக்கிறார்கள். 16020 என்று இருந்தால் டெப்ரிட்மென்ட், அதாவது இறந்த திசுவை நீக்குவது, நடந்திருக்கிறது, அதனால் ஏ என்பது அவர்கள் கணக்கு. உடல் பரப்பில் 5 சதவீதத்துக்கும் குறைவான, தோல் பாதி ஆழம் வெந்த காயத்துக்கான கோடு அது. கட்டு மாற்றினாலும் அது வரும், இறந்த திசுவை நீக்கினாலும் அதுவே வரும். அதன் விளக்கத்திலேயே முதல் தடவையோ அடுத்த தடவையோ என்று இரண்டும் சேர்ந்தே இருக்கிறது. ஆகவே அதை வைத்து எதையும் முடிவு செய்ய முடியாது. டாக்டரின் குறிப்பைப் படிக்காமல் தப்பிக்க வழியில்லை.

ஏ போட்டுவிட்டால் என்ன குறைந்துவிடும் என்று ஒருமுறை ஒரு பயிற்சி வகுப்பில் கேட்டார்கள். க்ளெய்ம் திரும்பி வரலாம் என்பது ஒரு பக்கம். எனக்கு அதைவிட உறுத்துவது இன்னொன்று. ஒரே விரலில் ஒரே முறை பட்ட எண்ணெய், நான்கு வருகைக்கும் ஏ போட்டால், நான்கு தடவை சிகிச்சை தேவைப்பட்ட மோசமான காயமாக அந்த மனிதரின் ஏட்டில் நின்றுவிடும். அதை நாளை இன்னொரு டாக்டர் படிப்பார்.

இசட்09 பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. சிகிச்சை முழுதாக முடிந்து, நோய் இல்லாமல் போன பிறகு செய்யும் பரிசோதனைக்கு அது. சார்ட்டில் ஃபாலோ-அப் என்ற சொல்லைப் பார்த்ததும் கை அங்கே போகிறது. ஐந்தாம் நாள் மருந்து தடவிக் கட்டுப் போட்டுவிட்டு இசட்09 கொடுத்தால், குறிப்பு ஒன்று சொல்லும், கோடு இன்னொன்று சொல்லும். இதுவே மூன்றாம் வாரம் வந்து, தோல் முழுதாக மூடிவிட்டது, இனி எதுவும் தேவையில்லை என்று டாக்டர் எழுதினால் இசட்09 சரி. கூடவே ஆறிய காயத்தின் வரலாற்றைச் சொல்லும் இசட்87.828 வேண்டும்.

சில மாதம் கழித்து அதே விரலில் கெலாய்டு தடிப்பு வந்தால் கணக்கே வேறு. அப்போது எல்91.0 முதலில், அதன்பின் அதே தீக்காயக் கோடு, பின்விளைவைக் குறிக்கும் எஸ் என்ற ஏழாவது எழுத்தோடு. எஸ் கோடை மட்டும் தனியாக அனுப்பக் கூடாது. பெரிய தீக்காயங்களில் ஒரு இடம் இன்னும் ஆறிக்கொண்டிருக்க, இன்னொரு இடம் வடுவாகியிருக்கும். அப்படிப்பட்ட சார்ட்டில் டியும் எஸ்ஸும் ஒன்றாக வரலாம். தீக்காயத்துக்கு வழிகாட்டி இதை வெளிப்படையாகவே அனுமதிக்கிறது. உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10 மட்டும் பழகியவர்களுக்கு இது புதிதாக இருக்கும். அங்கே இந்த ஏழாவது எழுத்து இல்லை, பின்விளைவுக்கு டீ95 (T95) என்று தனி இடமே உண்டு.

சரி, நம் ஐந்தாம் நாள் சார்ட்டுக்கு என் முடிவு: டீ23.221 (T23.221), ஏழாவது எழுத்து டி (D). இது கட்டைவிரல் அல்லாத ஒரு வலக்கை விரலில் இரண்டாம் டிகிரி. எண்ணெய் பட்டதற்கு எக்ஸ்10.2, நடுவே இரண்டு எக்ஸ் போட்டு இடத்தை நிரப்பி அதற்கும் டி. சமையலறையில் நடந்தது என்று இடத்தைச் சொல்லும் ஒய்92 கோடு முதல் வருகையோடு முடிந்தது, இப்போது வேண்டாம். பரப்பளவும் சேர்த்துச் சொல்ல வேண்டுமென்றால் 10 சதவீதத்துக்குக் குறைவு என்ற டீ31.0. அதற்கு ஏழாவது எழுத்து கிடையாது.

இதே சார்ட்டில் டாக்டர், தீக்காயம், காயம் பார்க்கப்பட்டது என்று மட்டும் எழுதியிருந்தால் எந்தக் கோடையும் போடாதீர்கள். மூன்று வரியில் அவருக்கு ஒரு க்வெரி அனுப்புங்கள்: காயம் ஆறிவருகிறதா, ஆறிவிட்டதா, ஆறாமல் நிற்கிறதா? இன்று காயத்துக்கு என்ன செய்தீர்கள்? இனியும் சிகிச்சை உண்டா?