மரம் பிடிபட்ட லொறி: வாகன விசாரணையா, மீளாய்வு மனுவா?

அனுமதிப்பத்திரமில்லாமல் மரக்குற்றி ஏற்றிப் பிடிபட்ட சாரதி குற்றத்தை ஒப்புக்கொண்டதும், அதில் சம்பந்தப்படாத லொறி உரிமையாளருக்கு மலையகத்தில் இரண்டு விதமான ஆலோசனை கிடைக்கும். லொறியை அரசுடைமையாக்குவதா என்று நீதவான் நீதிமன்றம் நடத்தும் வாகன விசாரணையிலேயே முழுமையாகச் சாட்சியமளியுங்கள் என்பது ஒன்று. அங்கே சுருக்கமாக முடித்துவிட்டு, அரசுடைமையாக்கும் கட்டளை வந்தால் அதைச் சரிபார்க்கக் கோரி மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு மனுப் போடலாம் என்பது மற்றையது. நுவரெலியாவிலிருந்து தம்புள்ளைக்கு மரக்கறி ஏற்றிச் சென்ற எங்கள் அண்ணனின் லொறி திரும்பும் வழியில் மரத்தோடு பிடிபட்டபோது நாங்கள் முதல் வழியில் சென்று லொறியை மீட்டோம். ஆகவே என் சாய்வு எந்தப் பக்கம் என்பதை மறைக்கப்போவதில்லை.

செலவு, அலைச்சல், கால தாமதம் மூன்றிலும் முதல் வழியே இலகுவானது. அதை விரித்துச் சொல்லத் தேவையில்லை. முடிவைத் தீர்மானிப்பது வழக்குப் பதிவேடுதான். மேல் நீதிமன்றம் மீளாய்வில் பார்ப்பது பெரும்பாலும் நீதவான் முன்னிலையில் பதிவான சாட்சியத்தையே. அங்கே சொல்லாமல் விட்ட விடயத்தைப் பிறகு சத்தியக்கடதாசியில் எழுதிச் சேர்த்தால், அது பின்யோசனையாகவே கருதப்படும்.

எதைப் பதிய வேண்டும் என்பதைச் சட்டம் சொல்கிறது. வனக் கட்டளைச் சட்டத்தின் 40ஆம் பிரிவின்படி, மூன்றாம் தரப்பான உரிமையாளர் தம் வாகனம் குற்றத்துக்குப் பயன்படுவதைத் தடுக்க எல்லா முன்னெச்சரிக்கைகளையும் எடுத்ததாக நிரூபித்தால் வாகனத்தைப் பறிமுதல் செய்ய முடியாது. நிரூபிக்கும் சுமை உரிமையாளருடையது, அதன் அளவு நிகழ்தகவுச் சமநிலை (அவர் சொல்வது உண்மையாக இருக்கவே கூடுதல் வாய்ப்பு என்று காட்டுவது) என்பதை நிதி நிறுவனமொன்றின் வழக்கில் 2010இல் உயர் நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. லொறி லீசிங்கில் இருந்தால் லீசிங் நிறுவனத்துக்கும் இதே சுமைதான். அனுமதியின்றி மாடு ஏற்றிய வழக்கில், விலங்குகள் சட்டத்தின் 3அ பிரிவின் கீழ், தமக்குத் தெரியாமல் நடந்தது என்று நிரூபித்தாலும் போதும். மர வழக்கில் அந்த வாசல் இல்லை. “எனக்குத் தெரியாது, சட்டவிரோதமாக எதுவும் ஏற்றாதே என்று சாரதியிடம் சொல்லியிருந்தேன்” என்ற இரண்டு வரிச் சாட்சியத்தோடு வெளியே வருபவர்கள் பெரும்பாலும் லொறியை இழப்பது இதனால்தான்.

அண்ணனின் பக்கம் ஒரு ட்ரிப் புத்தகம் இருந்தது. ஒவ்வொரு பயணம் முடிந்ததும் அண்ணி மீட்டர் இலக்கத்தை அதில் எழுதி, சாரதியிடம் கையொப்பம் வாங்கி, சாவியை வீட்டுக்குள் எடுத்துவைப்பார். குறுக்கு விசாரணையில் வன உத்தியோகத்தர் முதலில் கேட்டதே, இரவில் சாவி யாரிடம் இருக்கும் என்பதுதான். புத்தகத்தை அடையாளமிட்டுச் சமர்ப்பித்திருந்ததோடு அண்ணியும் சாட்சிக் கூண்டில் ஏறியதால், அந்தக் கேள்விக்கு வாய்ச்சொல்லைவிடப் பலமான பதில் எங்களிடம் இருந்தது.

மீளாய்வு வழியில் நாங்கள் சென்றதில்லை. உறவினர் ஒருவரின் வழக்கைப் பக்கத்திலிருந்து பார்த்த அளவுக்கே அதைப் பற்றிச் சொல்ல முடியும். அது நீதிமன்றத்தின் தற்றுணிபுக்கு (சொந்தத் தீர்மானத்துக்கு) உட்பட்டது; விதிவிலக்கான சூழ்நிலையைக் காட்ட வேண்டும், தாமதமும் கூடாது. ஆனாலும் ஒரு சந்தர்ப்பத்தில் அதுவே சரியான வழி என்பதை நான் முழு மனதோடு ஏற்கிறேன். உரிமையாளரை அழைக்காமல், அவருக்குச் செவிமடுக்காமல் கட்டளை பிறப்பிக்கப்பட்டிருந்தால், பறிமுதலுக்கு முன் உரிமையாளருக்குச் சந்தர்ப்பம் அளிக்கப்பட வேண்டும் என்ற 1987ஆம் ஆண்டின் உயர் நீதிமன்றத் தீர்ப்பு அவருக்குத் துணை நிற்கும். அப்படியான நிலையில் இருப்பவர், வழக்கேட்டின் அத்தாட்சிப்படுத்திய பிரதிக்கு அன்றே விண்ணப்பித்து, அது கைக்கு வந்ததும் தாமதிக்காமல் சட்டத்தரணியிடம் செல்ல வேண்டும். விசாரணைக்கு அழைப்பு வந்திருப்பவர், ட்ரிப் புத்தகத்தையும் சாவியை வைத்திருந்தவரையும் முதல் தவணையிலேயே கூட்டிச் செல்லட்டும்.