காசு கட்டி கஸ்டம் ரூமில் சேருமுன் இதைப் படியுங்கள்

பப்ஜி மொபைல் கேமில், முன்பின் தெரியாத ஆள் நடத்தும் கஸ்டம் ரூமில் (தனி ஆட்ட அறையில்) என்ட்ரி ஃபீ கட்டிச் சேரப் போகிறீர்களா? கட்டுவதற்கு முன் இதை முழுசாகப் படித்துவிடுங்கள். எங்கள் ஸ்குவாட் (நால்வர் அணி) கட்டிய காசு போனது, ஜெயித்த பரிசும் வரவில்லை. அதைவிடப் பெரிய கொடுமை, எங்களில் இளையவனான தம்பியின் அக்கவுன்ட்டே பறிபோய்விட்டது. வருஷக்கணக்காக அவன் ஆடிச் சேர்த்தது அது. இந்த ஆத்திரம் எனக்கு இன்னும் அடங்கவில்லை.

புதிதாக ஆட வந்தவர்களுக்காக ஒரு விளக்கம். பப்ஜி மொபைல் என்பது கடைசிவரை உயிரோடு நிற்கும் அணி ஜெயிக்கும் துப்பாக்கிச் சண்டை கேம். அதில் ரூம் கார்டு (ரூம் திறப்பதற்கான கேம் பொருள்) வைத்திருக்கும் யாரும் தனியாக ஒரு ரூம் திறக்கலாம். எந்த மேப், எத்தனை பேர், என்ன மோட் என்பதெல்லாம் ரூம் திறப்பவரின் விருப்பம். ரூம் ஐடியும் பாஸ்வேர்டும் தெரிந்தவர்கள் மட்டும் உள்ளே வரலாம். ஒரு ரூமுக்கு அதிகபட்சம் 100 பேர், நான்கு நான்கு பேராக 25 அணிகள். இதில் ஆடுவதால் உங்கள் ரேங்க் ஏறவும் ஏறாது, இறங்கவும் இறங்காது. மற்ற ஷூட்டர் கேம்களிலும் பேர்தான் வேறு, ஏற்பாடு ஏறக்குறைய இதேதான்.

முக்கியமான விஷயம் இதில் மறைந்திருக்கிறது. கஸ்டம் ரூமுக்குள் கட்டணம் வசூலிக்கவோ பரிசு கொடுக்கவோ கேமில் எந்த வசதியும் இல்லை. அந்தப் பேச்செல்லாம் கேமுக்கு வெளியே, ஏதோ ஒரு சாட் குரூப்பில், ஏதோ ஒரு அட்மினின் வாய்வார்த்தையில் நடக்கிறது. ரூமைத் திறப்பது, பாஸ்வேர்டு கொடுப்பது, யாரையும் கிக் செய்வது (வெளியே தள்ளுவது), அப்சர்வராக (ஆடாமல் ஆட்டத்தைப் பார்ப்பவராக) யாரை உட்காரவைப்பது, பாயின்ட் கணக்குப் போடுவது, பணத்தை வைத்திருப்பது எல்லாம் அந்த ஒரே ஆள். அவர் நேர்மையானவர் என்றால் அருமையான ஆட்டம் கிடைக்கும். இல்லையென்றால் கேட்க நாதியில்லை.

எங்களுக்கு இந்த குரூப் தெரிந்தவர் மூலமாகத்தான் வந்தது. போஸ்டர் பளபளவென்று இருந்தது. மூன்று மேட்ச், எராங்கல் மேப், முதலிடத்துக்கு 10 பாயின்ட், கில்லுக்கு 1 என்று பெரிய போட்டிகளில் போடும் அதே கணக்கு. முந்தைய வாரங்களில் ஜெயித்தவர்களுக்குப் பணம் அனுப்பிய ஸ்க்ரீன்ஷாட்கள், அதற்குக் கீழே "தேங்க்ஸ் அண்ணா, சொன்னபடி வந்துருச்சு" என்று வரிசையாகப் பதில்கள். நாங்களும் சும்மா நம்பிவிடவில்லை. விதிகளைக் கேட்டு வாங்கினோம், எந்த அணிக்கு எந்த இடம் என்று காட்டும் ஸ்லாட் லிஸ்டில் எங்கள் அணிப் பெயர் ஏறியதைப் பார்த்தோம், அதன் பிறகுதான் கட்டினோம். அந்தப் பதில்களைப் போட்ட நம்பர்களில் பல அட்மினுடைய ஆட்கள்தான் என்பது எல்லாம் முடிந்தபிறகு தெரியவந்தது.

முதல் மேட்ச்சுக்கு ஐடி பாஸ் சொன்ன நேரத்துக்கு வரவில்லை. குரூப்பில் ஆளாளுக்கு "அண்ணா, பாஸ் வரல" என்று போட்டுக்கொண்டிருந்தார்கள். கடைசி நிமிடத்தில் வந்தது. உள்ளே போனால் எங்கள் ஸ்லாட்டில் வேறு யாரோ இரண்டு பேர். அட்மினுக்கு மெசேஜ் போட்டதும் அவர்களை எழுப்பாமல் எங்களில் இருவரை கிக் செய்தார். இரண்டு பேராகவே ஆடினோம். "அடுத்த மேட்ச்ல சரி பண்ணிடறேன் ப்ரோ" என்றார். சரி, ரூம் நடத்துவது லேசான வேலையில்லை, குழப்பம் வரும் என்று விட்டுவிட்டோம்.

இரண்டாவது மேட்ச்சில் நடந்ததைத்தான் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டும்.

ஜோன், அதாவது நேரம் போகப்போகச் சுருங்கும் ஆட்ட வட்டம், மேப்பில் உள்ள ரோஜோக் ஊர்ப் பக்கம் சுருங்கியது. வண்டியைத் தூரத்திலேயே விட்டுவிட்டு, புல்லில் தவழ்ந்து வந்து ஓர் இரண்டு மாடி வீட்டுக்குள் நுழைந்தோம். வழியில் ஒரு குண்டும் சுடவில்லை. கதவுகளை உள்ளேயிருந்து மூடினோம். நால்வரும் மாடியில் ஒரே அறையில் படுத்துவிட்டோம், காலடிச் சத்தம்கூட இல்லை. சுற்றி அதே மாதிரி ஐந்தாறு வீடுகள் இருந்தன. ஒரு அணி மேட்டிலிருந்து இறங்கி வந்தது. மற்ற எந்த வீட்டையும் திரும்பிப் பார்க்கவில்லை, கதவு திறந்து சோதிக்கவும் இல்லை. வெட்டவெளியில் நேராக ஓடிவந்து எங்கள் ஜன்னலுக்குக் கீழே நின்றார்கள். முதல் கிரெனேடே நாங்கள் படுத்திருந்த அறைக்குள் விழுந்தது. பின்னாலேயே இன்னும் இரண்டு.

கேமில் செத்தபிறகு எங்களைக் கொன்றவனின் திரையை ஸ்பெக்டேட் செய்து (பார்வையாளராக) பார்த்தோம். ஒரு பாறையைக் குறிவைத்தபடி அசையாமல் நின்றான். பாறைக்குப் பின்னால் தலையும் தெரியவில்லை, சத்தமும் இல்லை. கொஞ்ச நேரத்தில் அங்கேயிருந்து ஒருவன் எழுந்தான், அப்போதே விழுந்தான். உடனே இவன் முதுகுப்பக்கம் திரும்பி வேறொரு மரத்தைக் குறிவைத்தான். அங்கேயும் ஆள்.

சுவருக்குப் பின்னால் இருப்பவனைக் காட்டும் வால்ஹேக் என்ற திருட்டு மென்பொருள் போட்டாலும் இப்படி ஆட முடியும் என்பது தெரியும். ஆனால் லாபியில் அப்சர்வர் இடத்தில் உட்கார்ந்திருந்த பெயரைத் தம்பி ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வைத்திருந்தான். எங்களைக் கொன்ற அணியில் எல்லோருடைய பெயருக்கு முன்னால் இருந்த அதே கிளான் (ஆட்டக் குழு) எழுத்துகள் அப்சர்வர் பெயருக்கு முன்னாலும் இருந்தன. அப்சர்வருக்கு எல்லா அணியும் எங்கே இருக்கிறது என்று மேப்பில் தெரியும், சுவருக்குப் பின்னால் இருப்பவனும் தெரிவான். பக்கத்தில் இன்னொரு போனில் வாய்ஸ் காலை ஆன் செய்துவிட்டு, "மாடி, இடது ரூம்" என்று சொன்னால் போதும். இதைத்தான் கோஸ்டிங் என்கிறோம். பெரிய போட்டிகளின் நேரலையைச் சில நிமிடங்கள் தாமதமாக ஒளிபரப்புவதும் இதைத் தடுக்கத்தான். நம்ம ஊர் பேர் தெரியாத ரூம்களில் அந்தத் தடுப்பு எதுவும் கிடையாது.

மூன்றாவது மேட்ச்சில் ஜோன் நன்றாக அமைந்தது, பசங்க வெறியோடு ஆடினார்கள், சிக்கன் டின்னர், அதாவது முதலிடம், எங்களுக்கே. மொத்தக் கணக்கில் பரிசு வரிசைக்குள் வந்துவிட்டோம். அட்மின் போட்ட பாயின்ட் டேபிளிலும் எங்கள் பெயர் இருந்தது. அன்றைக்கு ராத்திரி பூராவும் அதே பேச்சுதான்.

மறுநாள் அட்மினிடமிருந்து தனி மெசேஜ். "பணமா அனுப்பினா டிலே ஆகும் ப்ரோ, யுசியா போட்டுடறேன். இந்த லிங்க்ல எல்லாரும் லாகின் பண்ணி வெரிஃபை பண்ணுங்க." யுசி என்பது கேமுக்குள் செலவழிக்கக் காசு கொடுத்து வாங்கும் நாணயம். லிங்க்கில் திறந்த பக்கம் கேமின் லாகின் திரையை அச்சு அசலாக எடுத்து ஒட்டியதுபோல இருந்தது. நாங்கள் மூவரும் வேலையில் இருந்ததால் உடனே பார்க்கவில்லை. தம்பி வீட்டில் இருந்தான், லாகின் செய்தான். பாஸ்வேர்டு கேட்டது, போனுக்கு வந்த ஓடிபியும் கேட்டது, கொடுத்தான். சாயங்காலம் கேமைத் திறந்தால் உள்ளே போக முடியவில்லை. ஈமெயில் மாற்றப்பட்டிருந்தது. அவன்மேல் நான் துளியும் குறை சொல்ல மாட்டேன். ஜெயித்த சந்தோஷத்தில் இருக்கும் பையனைக் குறிவைத்து விரித்த வலை அது.

நாங்கள் லிங்க்கைத் தொட மறுத்ததும் அட்மினின் பேச்சே மாறியது. "உங்க டீம் டீமிங் பண்ணிருக்கு, டிஸ்குவாலிஃபை" என்றார். அதாவது எதிரணியோடு ரகசியமாகக் கூட்டுச் சேர்ந்து ஆடினோமாம். எந்த மேட்ச், எந்த அணியோடு, ஆதாரம் என்ன என்று கேட்டோம். பதில் இல்லை. குரூப்பிலிருந்து தூக்கிவிட்டார். பாயின்ட் டேபிளையும் அழித்துவிட்டதாக உள்ளே இருந்த இன்னொரு அணிக்காரர் சொன்னார். அவர்களுக்கும் இதே லிங்க் போயிருக்கிறது.

ஒரே ஒரு விஷயத்தை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளச் சொன்னால் இதைச் சொல்வேன்: ஒருவருக்கு யுசி அனுப்ப அவருடைய கேரக்டர் ஐடி எண் மட்டும் போதும். யுசி விற்கும் மிடாஸ்பை தளத்தில் அந்த எண்ணைப் போட்டு வாங்கினால் நேரே அவருடைய அக்கவுன்ட்டில் ஏறிவிடும். பரிசு தருகிறேன் என்று லாகின் கேட்பவன், பாஸ்வேர்டு கேட்பவன், ஓடிபி கேட்பவன் யாராக இருந்தாலும் திருடன்தான், இதில் விதிவிலக்கே இல்லை.

கம்ப்யூட்டரில் ஆடுபவர்களுக்கும் இதே கதை வேறு வடிவத்தில் நடக்கிறது. கம்ப்யூட்டர் கேம்களை வாங்கி ஆடும் தளமான ஸ்டீமில் "எங்க டீம்ல ஒரு ஆள் குறையுது, டோர்னமென்ட்ல சேர்றியா" என்று மெசேஜ் வரும். லிங்க்கைத் தட்டினால் ஸ்டீம் லாகின் ஜன்னல் தனியாகத் திறப்பதுபோல் தெரியும், மேலே சரியான முகவரியும் இருக்கும். அது ஜன்னலே இல்லை, அந்தப் பக்கத்துக்குள் வரைந்த படம். 2022-ல் குரூப்-ஐபி என்ற சைபர் பாதுகாப்பு நிறுவனம் இந்த வித்தையை விவரமாக வெளியிட்டது. கண்டுபிடிக்க சுலபமான வழி: அந்தச் சின்ன ஜன்னலைப் பிடித்து பிரவுசரின் ஓரத்துக்கு வெளியே இழுத்துப் பாருங்கள். நிஜ ஜன்னல் என்றால் வெளியே வரும். போலி என்றால் ஓரத்தோடு நின்றுவிடும் அல்லது பாதி மறைந்துவிடும்.

கம்ப்யூட்டர் கேமில் காசே கட்டாமல், யார் வேண்டுமானாலும் சேரக்கூடிய சர்வர் லிஸ்டிலிருந்து சும்மா சேர்ந்தாலும் பாதுகாப்பு என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். 2019-ல் டாக்டர் வெப் என்ற ஆன்டிவைரஸ் நிறுவனம் கவுன்டர்-ஸ்ட்ரைக் 1.6 என்ற பழைய ஷூட்டர் கேமின் சர்வர்களை ஆராய்ந்தது. ஸ்டீம் வழியாகத் தெரிந்த சுமார் 5,000 சர்வர்களில் 1,951, அதாவது 39 சதவீதம், பெலோனார்ட் என்ற டிரோஜன் (மறைந்து நுழையும் தீய மென்பொருள்) உருவாக்கிய போலி சர்வர்கள். கேமில் இருந்த ஓட்டை வழியாக, சேர்ந்த மாத்திரத்திலேயே ஆடுபவரின் கம்ப்யூட்டருக்குள் அது புகுந்தது. இதில் என்னை உலுக்கிய விவரம், அந்தப் போலி சர்வர்கள் பிங்கை (சர்வரோடு பேச ஆகும் தாமதத்தை) குறைவாகக் காட்டின என்பதுதான். நாம் எல்லோருமே பிங் குறைவான சர்வர் எது என்று பார்த்துத்தானே முதலில் சேருகிறோம். பழைய கேம் ஆடுபவர்கள் நம்பகமான, பல வருஷமாக ஓடும் சர்வர்களைத் தேடி ஃபேவரிட்டில் சேர்த்து வைத்துக்கொண்டு, அங்கேயே ஆடுங்கள்.

எல்லா கஸ்டம் ரூமும் மோசம் என்று நான் சொல்லவே இல்லை. தன் கைக்காசில் ரூம் கார்டு வாங்கி, ராத்திரி ராத்திரியாக உட்கார்ந்து, ஒரு பைசா வாங்காமல் ஸ்க்ரிம்ஸ் (பயிற்சி ஆட்டங்கள்) நடத்தும் அண்ணன்மார்களை எனக்குத் தெரியும். நாங்கள் ஆடக் கற்றுக்கொண்டதே அவர்களிடம்தான். ரேங்க் மேட்ச்சில் பத்து நாள் ஆடி வராத, ஜோன் எங்கே சுருங்கும் என்ற கணக்கு அவர்கள் ரூமில் ஒரு வாரத்தில் வந்துவிடும். இந்தத் திருட்டுக் கும்பலால் அவர்களையும் ஜனங்கள் சந்தேகப்படுகிறார்களே என்பதுதான் என் வயிற்றெரிச்சல்.

அதனால் புதிய ஹோஸ்ட் என்றால் முதலில் அவருடைய இலவச ரூம்களில் ஆடிப் பாருங்கள். இலவச ரூமே நடத்தாமல் எடுத்த எடுப்பில் காசு கேட்பவரிடம் போகவே வேண்டாம். சொன்ன நேரத்துக்குப் பாஸ் வருகிறதா, ஸ்லாட் மாறி உட்கார்ந்தவர்களை எழுப்புகிறாரா, ஒரு அணி புகார் சொன்னால் காது கொடுத்துக் கேட்கிறாரா என்று பார்த்தாலே ஆள் எப்படி என்று பாதி புரிந்துவிடும். அப்சர்வர் யார் என்று நேரடியாகக் கேளுங்கள். அந்த ஆளின் அணியோ கிளானோ அதே ரூமில் ஆடினால் வெளியே வந்துவிடுங்கள். நல்ல ஹோஸ்ட் இந்தக் கேள்விக்குக் கோபப்பட மாட்டார். பணம் வந்ததாக மற்றவர்கள் போடும் ஸ்க்ரீன்ஷாட்டை மட்டும் வைத்து நம்பாதீர்கள். அதில் பெயர் இருக்கும் அணியைக் கேமுக்குள்ளேயே தேடிப்பிடித்து, நீங்களே பேசுங்கள். லாபி, ஸ்லாட் லிஸ்ட், ரிசல்ட் திரை மூன்றையும் அந்தந்த நேரத்திலேயே படம் எடுத்து வையுங்கள். குரூப்பில் போட்டதை அவர்கள் நொடியில் அழித்துவிடுவார்கள், உங்கள் போனில் இருப்பதுதான் மிஞ்சும்.

ஏற்கெனவே இப்படி ஏதாவது லிங்க்கில் லாகின் செய்திருந்தால் இதைப் படிப்பதை நிறுத்திவிட்டு, கேமோடு இணைத்திருக்கும் ஜிமெயில் அல்லது ஃபேஸ்புக்கின் பாஸ்வேர்டை மாற்றுங்கள். எல்லா டிவைசிலிருந்தும் வெளியேறும் ஆப்ஷன் அதன் செக்யூரிட்டி பகுதியில் இருக்கும், அதையும் தட்டுங்கள். இரண்டடுக்குப் பாதுகாப்பைப் போடுங்கள். அதே பாஸ்வேர்டை வேறு எங்கெல்லாம் வைத்திருக்கிறீர்களோ அங்கெல்லாம் மாற்றுங்கள், முக்கியமாகப் பணம் சம்பந்தப்பட்ட இடங்களில். பறித்த அக்கவுன்ட்டை விற்பார்கள், சிலர் அதில் ஹேக் போட்டு ஆடுவார்கள். பப்ஜி மொபைலில் ஹேக்குக்கு 10 வருஷம்வரை பேன் (தடை) உண்டு, அது உங்கள் அக்கவுன்ட்டின் தலையில்தான் விழும். ஆகவே கஸ்டமர் சர்வீசுக்குச் சொல்வதைத் தள்ளிப்போடாதீர்கள்.

தம்பியின் அக்கவுன்ட் இதை எழுதும்வரை திரும்பவில்லை. பழைய யுசி வாங்கிய ரசீதுகள், கேரக்டர் ஐடி, அந்த லிங்க், அட்மினின் மெசேஜ் எல்லாவற்றையும் சேர்த்துக் கேமின் கஸ்டமர் சர்வீசுக்கு அனுப்பியிருக்கிறோம். அட்மினின் கேமுக்குள் இருக்கும் ப்ரொஃபைலையும் ரிப்போர்ட் செய்துவிட்டோம். இதே மாதிரி அக்கவுன்ட்டை இழந்து திரும்ப வாங்கியவர்கள் யாராவது இருந்தால், எந்த ஆதாரத்தைக் காட்டியதும் நிறுவனம் ஒத்துக்கொண்டது என்று தயவுசெய்து சொல்லுங்கள்.