கூடங்குளத்து மின்சாரம்: ஒரு வாடிக்கையாளரின் மதிப்பீடு

செட்டிநாட்டில் பழைய வீடொன்றைத் தங்கும் விடுதியாக நடத்திவரும் எனக்கு மின்சாரம் விலை கொடுத்து வாங்கும் பொருள். ஆகவே அணுமின்சாரத்தையும் வாடிக்கையாளராகவே மதிப்பிடுகிறேன். அனல், காற்று, சூரியன், அணு எல்லாம் ஒரே கம்பியில் கலந்து வருவதால் இதைத் தனியே பிரித்துக் காட்ட இயலாது. ஆயினும் கூடங்குளத்தின் 1000 மெகாவாட் அலகுகள் இரண்டும் தரும் மின்சாரத்தில் பெரும்பங்கு தமிழ்நாட்டுக்கே உரியது.

தரத்தில் எனக்குக் குறையில்லை. பக்கத்து மாவட்டத்துக் கமுதியில் உள்ள 648 மெகாவாட் சூரிய மின்நிலையம், விருந்தினர்கள் அறைக்குத் திரும்பி ஏசி போடும் இரவு நேரத்தில் ஓய்ந்துவிடுகிறது. ஆரல்வாய்மொழிக் காற்றோ தென்மேற்குப் பருவம் முடிந்ததும் தளர்ந்துவிடும். எரிபொருள் மாற்றவும் பழுது பார்க்கவும் நிறுத்தும் காலம் நீங்கலாக, அணு உலை இரவு பகல் பாராமல், கரிப்புகை இல்லாமல், ஒரே சீராக ஓடுகிறது. மாநிலத்தின் உச்சத் தேவை 20,000 மெகாவாட்டைத் தாண்டிய 2024 கோடையைப் பார்த்தவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

குறையெல்லாம் பொருள் வந்து சேரும் காலத்தில்தான். கூடங்குளத்துக்கு 1988-இல் ஒப்பந்தமாகி, 2002-இல் கட்டுமானம் தொடங்கி, முதல் அலகின் வணிக உற்பத்தி 2014 இறுதியில்தான் கைகூடியது. பின்லாந்தின் ஒல்கிலுவோட்டோ மூன்றாம் உலை 2005-இல் தொடங்கி 2023-இல் முழுப் பயன்பாட்டுக்கு வந்தது. பிரான்சின் ஃபிளமான்வில் உலைக்கும் ஏறத்தாழ அத்தனை ஆண்டுகள் ஆயின. கட்டுமானம் நீள நீளக் கடனுக்கு வட்டி ஏறி, அது மின்சாரத்தின் விலையில் வந்து விழுகிறது. 1990-களின் நடுவில் உலக மின்சாரத்தில் 17 விழுக்காட்டளவில் இருந்த அணுவின் பங்கு இன்று சுமார் 9 விழுக்காடாகக் குறைந்ததற்கு, விபத்துகள் விளைத்த அச்சத்தோடு இதுவும் காரணம். ஆனால் தாமதம் அணுவின் பிறவிக்குணம் அன்று: ஒரே வடிவமைப்பைத் திரும்பத் திரும்பக் கட்டிப் பழகிய சீனா, பல உலைகளை ஐந்தாறு ஆண்டுகளில் முடிக்கிறது.

2023 துபாய் காலநிலை மாநாட்டில் 20-க்கும் மேற்பட்ட நாடுகள் 2050-க்குள் அணுமின் திறனை மும்மடங்காக்க உறுதி ஏற்றன. இந்தியா 2047-க்குள் 100 கிகாவாட், அதாவது ஒரு லட்சம் மெகாவாட், என்கிறது. இவற்றை மனமார வரவேற்கிறேன். கூடங்குளத்தை அடுத்த இடிந்தகரை மக்கள் கேட்ட பாதுகாப்புக் கேள்விகளுக்கும், பயன்படுத்திய எரிபொருளை எங்கே வைப்பது என்பதற்கும் வெளிப்படையான பதில் சொல்லிக்கொண்டே இதைச் செய்ய வேண்டும்.

இனிப் போட்டியும் கடுமையாகும். அழகப்பச் செட்டியார் கொடுத்த 300 ஏக்கரில் எழுந்த காரைக்குடி மத்திய மின்வேதியியல் ஆய்வகம் பேட்டரிகளை ஆராய்கிறது. உலகெங்கும் அவற்றின் விலை இறங்கிவருகிறது. கமுதி வெயிலை இரவுக்குச் சேமித்துத் தருவது மலிவாகிவிட்டால், பத்தாண்டு தாமதித்து வரும் உலையின் மின்சாரத்துக்கு நான் கூடுதல் விலை தரமாட்டேன். கூடங்குளத்தில் எழுந்துவரும் நான்கு அலகுகளும் காலத்தோடு வந்தால் தயங்காமல் வாங்குவேன்.