நாட்டின் பள்ளிகளா, நம் பிள்ளையின் பள்ளியா: எந்தக் கேள்வியை நம்புவது?

அமெரிக்காவில் அரசுப் பள்ளிகள் மீது மக்களுக்கு நம்பிக்கை இருக்கிறதா? கேட்கிற கேள்வியைப் பொறுத்துப் பதில் தலைகீழாகிவிடுகிறது.

முதல் கேள்வி பொதுவானது. "அரசுப் பள்ளிகளை எவ்வளவு நம்புகிறீர்கள்?" என்று கருத்துக்கணிப்பு நடத்தும் கேலப் நிறுவனம் 1973 முதல் கேட்டு வருகிறது. அன்று பெரிதும் நம்புவதாகச் சொன்னவர்கள் 58 சதவீதம். 2023-இல் 26 சதவீதம். இரண்டாவது கேள்வி வீட்டோடு நிற்பது: உங்கள் பிள்ளைக்குக் கிடைக்கும் கல்வி திருப்தி தருகிறதா? அதே 2023-இல் முக்கால்வாசிப் பெற்றோர் ஆம் என்றார்கள். (தனியார் பள்ளிப் பெற்றோரும் இதில் அடக்கம் என்பதை மறக்க வேண்டாம்.)

முதல் பதிலைத் தொலைக்காட்சி விவாதமும் கட்சிச் சார்பும் எழுதுகின்றன. இரண்டாவதை எழுதுவது வீட்டுப்பாட நோட்டில் ஆசிரியை சிவப்பு மையில் எழுதிய ஒரு வரி, மாலையில் பஸ்ஸிலிருந்து இறங்கும் பிள்ளையின் முகம். ஆனால் அதிலும் ஓட்டை உண்டு. தன் பிள்ளைக்குத் தானே தேர்ந்தெடுத்த பள்ளியைக் குறை சொல்ல யாருக்கு மனம் வரும்? தாராளமாகப் போட்ட மதிப்பெண்ணும் பெற்றோரைக் குளிர வைக்கும்.

வகுப்பறை எப்படி நடக்கிறது என்று அறிய, குறைகளோடும் இரண்டாவதையே நான் எடுப்பேன். ஆனால் அங்கே பள்ளிச் செலவில் கணிசமான பங்கு உள்ளூர்ச் சொத்து வரியிலிருந்து வருகிறது. பள்ளிக்குப் போகும் பிள்ளை இல்லாதவரும் வரி கட்டுகிறார், வாக்களிக்கிறார். அவரிடம் கேட்க முடிந்தது முதல் கேள்வி மட்டுமே.