வீட்டுக் கடனில் 12 ஆண்டு: கட்டியது எவ்வளவு, கழிந்தது எவ்வளவு

20 ஆண்டுக்கு வாங்கிய கடன். ஒரு தவணைகூடத் தவறாமல் 5 ஆண்டு கட்டியாயிற்று. அப்புறம் ஒருநாள் கணக்கு அறிக்கையை எடுத்துப் பார்த்தால், இன்னும் கட்ட வேண்டிய மாதங்கள் 227 என்று போட்டிருந்தது. அதாவது 18 ஆண்டு 11 மாதம். அச்சுப் பிழை என்றுதான் முதலில் நினைத்தேன். மனைவியிடம் காட்டினேன். "அப்போ இந்த அஞ்சு வருஷமா கட்டினதெல்லாம் எங்கே போச்சு?" என்றாள். அந்தக் கேள்விக்குப் பதில் தேடப் போய்த்தான் வீட்டுக் கடன் எப்படி வேலை செய்கிறது என்பதே எனக்குத் தெரிய வந்தது. சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது. வாழ்நாளிலேயே பெரிய கடனை வாங்கிவிட்டு, ஐந்து வருடம் கழித்து அதன் பாடத்தைப் படித்தவன் நான்.

இப்போது 12 ஆண்டு முடிந்துவிட்டது. இதுவரை பட்டதை எழுதி வைக்கிறேன். உண்மையான தொகையைச் சொன்னால் ஒருவருக்குப் பெரிதாகவும் இன்னொருவருக்குச் சிறிதாகவும் தெரியும் என்பதால், நான் வாங்கிய கடனை 100 என்று வைத்துக்கொள்கிறேன். உங்கள் கடனுக்குத் தகுந்தபடி பெருக்கிக்கொள்ளுங்கள்.

கடன் 100, வட்டி 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு, மாறும் வட்டி. மாதத் தவணை 0.87. வாங்கும்போது நான் கேட்ட ஒரே கேள்வி, "மாசம் எவ்வளவு வரும்?" என்பதுதான். சம்பளத்தில் அது அடங்குகிறதா என்று பார்த்தேன், அடங்கியது, கையெழுத்துப் போட்டேன். அந்த 0.87-ஐ 240 மாதத்தால் பெருக்கிப் பார்க்க ஒரு நிமிடம் போதும். பெருக்கியிருந்தால் 208 என்று வந்திருக்கும். வாங்கியது 100, திருப்பித் தருவது 208. வட்டி மட்டுமே அசலைத் தாண்டுகிறது. வட்டி குறைவாக உள்ள இடத்தில் இருப்பவர்கள் ரொம்பவும் நிம்மதி அடைய வேண்டாம். 4 சதவீத வட்டியில் 30 ஆண்டுக்கு வாங்கினாலும் மொத்தம் 172 கட்ட வேண்டியிருக்கும்.

ஆனால் என்னை அடித்தது மொத்தத் தொகை இல்லை, அது பிரிந்து போகும் விதம். ஒவ்வொரு மாதமும் மீதி அசலுக்கு அந்த மாத வட்டியைப் போடுவார்கள். மீதி அசலை ஆண்டு வட்டியால் பெருக்கி 12-ஆல் வகுத்தால் வருவது அது. தவணையிலிருந்து முதலில் அதை எடுத்துக்கொண்டு, மிஞ்சுவதைத்தான் அசலில் கழிப்பார்கள். என் முதல் தவணையில் 0.71 வட்டிக்குப் போயிற்று, அசலில் கழிந்தது 0.16. கட்டுகிற ஐந்தில் ஒரு பங்குகூட அசலுக்குப் போகவில்லை. இதில் ஏமாற்று எதுவும் இல்லை. ஆரம்பத்தில் பாக்கி அதிகம், அதனால் வட்டியும் அதிகம். ஆனால் இந்த நடையிலேயே போனால், பத்தாவது ஆண்டு முடிவில் 104 கட்டியிருப்போம், பாக்கி 70 இருக்கும். காலத்தில் பாதி தாண்டியும் கடனில் பாதி தாண்டியிருக்காது. தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை முந்துவதற்கு ஏறக்குறைய 142 மாதம், கிட்டத்தட்ட 12 ஆண்டு ஆகும்.

இந்தக் கணக்குப்படியேகூட 5 ஆண்டு முடிவில் என் பாக்கி 88 இருந்திருக்க வேண்டும், மீதி மாதம் 180. அறிக்கையில் இருந்ததோ 91, மாதம் 227. மிச்சம் 47 மாதம் எங்கிருந்து வந்தது?

இரண்டாம் ஆண்டு முடிவில் வட்டி 8.5-இலிருந்து 9.5 ஆனது. அப்போது ஒரு கடிதம் வந்தது நினைவிருக்கிறது. "உங்கள் மாதத் தவணையில் மாற்றம் இல்லை" என்று அதில் இருந்தது. நல்லவர்களாய் இருக்கிறார்களே என்று நினைத்துக்கொண்டு கடிதத்தைக் கோப்பில் செருகினேன். ஐந்தாம் ஆண்டில் அதே கடிதத்தை எடுத்து இரண்டாம் பக்கத்தைப் படித்தேன். தவணை மாறவில்லை, சரி. மீதி 216 மாதம் இருந்த கடனை 263 மாதமாக நீட்டியிருந்தார்கள். கிட்டத்தட்ட 4 ஆண்டு கூடுதல். ஒற்றைச் சதவீத உயர்வுக்கு!

அன்றே தவணையை 0.87-இலிருந்து 0.93-ஆக ஏற்றிக் கட்டியிருந்தால், காலம் அப்படியே இருந்திருக்கும். ஏழு சதவீதம் கூடுதல், அவ்வளவுதான். அந்தச் சுமையைத் தாங்கியிருக்க முடியும். ஏற்றிக் கட்டினால் அங்கிருந்து மொத்தம் 200, ஏற்றாமல் காலத்தை நீட்டினால் 228. வித்தியாசம் 28. வாங்கிய கடனில் கால் பங்குக்கு மேல், ஒரு கடிதத்தின் இரண்டாம் பக்கத்தில் போய்விட்டது. வட்டி ஒன்றரைச் சதவீதம் ஏறியிருந்தால் 216 மாதம் 305 ஆகியிருக்கும், அதாவது ஏழரை ஆண்டு நீட்சி. இன்னும் கொஞ்சம் ஏறினால் தவணை அந்த மாத வட்டிக்கே போதாமல், பாக்கி குறைவதற்குப் பதில் ஏறத் தொடங்கும். நல்லவேளை, நான் அதுவரை போகவில்லை.

எல்லா இடத்திலும் இப்படி இல்லை. அமெரிக்காவில் 30 ஆண்டுக்கும் ஒரே வட்டி என்பது சாதாரணம். வேறு பல நாடுகளில் முதல் சில ஆண்டு மட்டும் நிலையாக இருந்து பிறகு மாறும். உங்களுடையது எந்த வகை என்பது ஒப்பந்தத்தில் இருக்கும். மாறும் வகை என்றால், வட்டி ஏறும்போது தவணை ஏறுமா, காலம் நீளுமா, அதைத் தேர்ந்தெடுக்க உங்களுக்கு உரிமை உண்டா என்ற மூன்றையும் கேட்டுவிடுங்கள். என் விஷயத்தில் உரிமை இருந்தது. கேட்கத்தான் ஆள் இல்லை.

கடன் கொடுத்த நிறுவனத்தின் அலுவலகத்துக்குப் போனேன். அங்கிருந்த இளைஞர் பொறுமையாகவே பேசினார். "சார், பெரும்பாலானவங்க தவணை ஏறக்கூடாதுன்னுதான் கேட்பாங்க. அதனால நாங்க காலத்தை நீட்டிடுவோம்," என்றார். பொய் இல்லை. நானும் அந்தப் பெரும்பாலானவர்களில் ஒருவன்தானே.

அந்த மாதமே இரண்டு காரியம் செய்தோம். சேமிப்பிலிருந்து 6 எடுத்து அசலில் கட்டினோம். தவணையைப் பத்து சதவீதம் ஏற்றி 0.95 ஆக்கினோம். 227 மாதம் 156-ஆக இறங்கியது. 71 மாதம், ஆறு ஆண்டுக்கு ஒரு மாதம்தான் குறைவு, அப்படியே காணாமல் போனது. மொத்தத்தில் 42 மிச்சம். முதலில் எனக்கு நம்பிக்கை வரவில்லை. கணினியில் மாதாமாதம் வரிசை போட்டுப் பார்த்த பிறகுதான் நம்பினேன்.

இதில் ஒரு சின்னக் கண்ணி இருந்தது. அந்த 6-ஐக் கட்டியதும் அவர்கள் காலத்தை அப்படியே வைத்துவிட்டுத் தவணையைக் குறைத்திருந்தார்கள். முன்கூட்டிக் கட்டுகிறவர்கள் "காலத்தைக் குறையுங்கள், தவணையை அல்ல" என்று எழுத்தில் கொடுக்க வேண்டும். நான் வாயால் சொல்லிவிட்டு வந்தேன். அதைச் சரி செய்ய இன்னும் இரண்டு நடை நடந்தேன். முன்கூட்டிக் கட்டினால் அபராதம் உண்டா என்பதையும் பார்க்க வேண்டும். எனக்கு இல்லை, சில ஒப்பந்தங்களில் உண்டு.

முன்கூட்டிக் கட்டுவதில் எப்போது என்பது எவ்வளவு என்பதற்கு இணையாக முக்கியம். என் முதல் திட்டத்தையே எடுத்துக்கொண்டு பாருங்கள். முதல் ஆண்டு முடிவில் 5 கூடுதலாகக் கட்டினால் மிச்சமாகும் வட்டி ஏறக்குறைய 18. அதே 5-ஐப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் 2.4 மட்டுமே. அந்த முதல் ஆண்டில் நாங்கள் என்ன செய்துகொண்டிருந்தோம் என்றால், புது வீட்டுக்குச் சோபா வாங்கிக்கொண்டிருந்தோம். (சோபா இப்போது இல்லை. அதன் வட்டி இன்னும் இருக்கிறது.)

அதற்காகக் கையில் இருப்பதையெல்லாம் கடனில் கொட்டச் சொல்லமாட்டேன். அசலில் போட்ட பணம் பொதுவாகத் திரும்ப வராது. வேலை போனால், உடம்புக்கு முடியாமல் போனால், "போன வருஷம் கூடுதலாகக் கட்டினேனே" என்று போய் நிற்க முடியாது. நாங்கள் ஆறு மாதச் செலவைத் தனியே வைத்துவிட்டுத்தான் தொட்டோம். கிரெடிட் கார்டு பாக்கி மாதிரி அதிக வட்டிக் கடன் இருந்தால் அதைத்தான் முதலில் முடிக்க வேண்டும். சேமிப்புக் கணக்கை வீட்டுக் கடனோடு இணைத்து, அதில் கிடக்கும் தொகைக்கு வட்டி போடாமல் விடும் திட்டம் சில இடங்களில் உண்டு. பணமும் கையில் இருக்கும், வட்டியும் குறையும். கூடுதல் கட்டணம் இல்லாமல் கிடைத்தால் விடாதீர்கள்.

எட்டாம் ஆண்டில் இன்னொரு ஞானோதயம். அதே நிறுவனம் புதிதாக வருகிறவர்களுக்கு 8.5-க்குக் கொடுத்துக்கொண்டிருந்தது. எட்டு ஆண்டு ஒழுங்காகக் கட்டிய எனக்கு 9.5. பழைய வாடிக்கையாளர் என்பதற்கு அவர்கள் அகராதியில் என்ன பொருளோ! கேட்டேன். ஒரு கட்டணம் வாங்கிக்கொண்டு மாற்றித் தந்தார்கள். தவணையைக் குறைக்காமல் விட்டதால் 120 மாதம் 112 ஆனது. எட்டுத் தவணை மிச்சம். கேட்காதிருந்தால் அவர்களாகச் சொல்லியிருக்க மாட்டார்கள்.

வட்டிக்கு வெளியே உள்ள செலவுகளில் ஒன்றுதான் இன்னும் உறுத்துகிறது. நான் வாங்கிய 100-இல் 2, காப்பீட்டு பிரீமியம். மொத்தமாக ஒரே தடவை கட்டும் வகை, கடனோடு சேர்த்தே எழுதிவிட்டார்கள். "தனியா நீங்க எதுவும் கட்ட வேண்டாம் சார்" என்றார்கள். தனியாகக் கட்டவில்லைதான், வட்டியோடு சேர்த்து ஏறக்குறைய 4 கட்டுகிறேன். குடும்பத்துக்குக் காப்பீடு தேவை, அதில் சந்தேகமில்லை. ஆண்டுக்கு ஆண்டு கட்டும் சாதாரண ஆயுள் காப்பீட்டைத் தனியே எடுத்திருக்கலாம். பரிசீலனைக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், பத்திரச் செலவு எல்லாம் முன்கூட்டியே தெரிந்தவை, அவற்றைப் பற்றிப் புகார் இல்லை. இரண்டு கடன்களை ஒப்பிடுகிறவர்கள் வட்டியை மட்டும் பார்க்காமல், இந்தக் கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டுச் செலவு வீதத்தைக் கேட்டு வாங்குங்கள். வட்டியில் கால் சதவீதம் குறைத்துவிட்டுக் கட்டணத்தில் பிடித்துக்கொள்வது பழைய வித்தை.

பராமரிப்பை நான் கணக்கிலேயே வைக்கவில்லை. வீட்டு மதிப்பில் ஆண்டுக்கு 1 சதவீதம் ஒதுக்க வேண்டும் என்று ஒரு பொதுக்கணக்கு சொல்வார்கள். முதல் நான்கு ஆண்டு ஒரு செலவும் வராததால் அதைக் கிண்டல் செய்தேன். அப்புறம் ஒரே ஆண்டில் குழாய், சுவர் ஈரம், வெள்ளையடிப்பு என்று மொத்தமாக வந்து கழுத்தைப் பிடித்தன.

மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். 208 என்பதைப் பார்த்து மிரள்கிறவர்கள் ஒன்றை மறக்கிறார்கள். இருபதாம் ஆண்டில் கட்டும் பணமும் இன்றைய பணமும் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய கணக்கில் 38 சதவீதம்தான். அப்படி எல்லாத் தவணைகளையும் இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால் 208 என்பது 133 ஆகிவிடும். எனக்கே அது தெரிகிறது. முதல் ஆண்டில் மூச்சு முட்டிய தவணை, பத்து சதவீதம் ஏற்றிய பிறகும் இப்போது அவ்வளவாக உறைப்பதில்லை. வாடகையும் இத்தனை ஆண்டில் சும்மா இருந்திருக்காது. ஆகவே கடன் வாங்கியது தவறு என்று நான் நினைக்கவில்லை. வாங்கிவிட்டு ஐந்து ஆண்டு திரும்பிப் பார்க்காமல் இருந்ததுதான் தவறு.

இன்றைய நிலவரம் இதுதான். இதுவரை கட்டியது 138. பாக்கி 49. மீதி 64 மாதம். வட்டி இப்படியே இருந்தால் மொத்தம் 200-க்குள் முடியும், 17 ஆண்டு 4 மாதத்தில். அந்த 227-ஐப் பார்க்காமலே போயிருந்தால் 249 ஆகியிருக்கும். ஆண்டுக்கு ஒருமுறை, ஜனவரியில், பாக்கி அசலையும் மீதி மாதத்தையும் அலமாரிக் கதவின் உள்பக்கம் ஒட்டிய தாளில் எழுதுகிறோம். தவணை எவ்வளவு என்று அதில் எழுதுவதில்லை.

இந்த ஆண்டு கையில் கொஞ்சம் பணம் சேர்ந்திருக்கிறது. அதையும் அசலில் போட்டுவிடலாம் என்றேன். ஆனால் கடைசிக் கட்டத்தில் போட்டால் மிச்சமாவது சொற்பம் என்று நான் சொன்ன கணக்கையே மனைவி எனக்குத் திருப்பிச் சொன்னாள். பணம் கூரை ஒழுகலைச் சரிசெய்யப் போகிறது.