வாபஸ் மனுவில் இருக்க வேண்டிய ஒரு வரி

காசிமேட்டில் இருக்கும் என் சித்தி மகளுக்குக் குடும்பநல நீதிமன்றம் மாதம் 8,000 ரூபாய் ஜீவனாம்சம் போட்டது. புருஷனுக்கு விசைப்படகில் பங்கு இருக்கிறது. ஆனால் பங்குப் பணத்துக்குச் சம்பளச் சீட்டு ஏது? தொகை போதாது என்று உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போட்டாள். வாய்தா மேல் வாய்தா. கடைசியில் வக்கீல், "வாபஸ் வாங்கிட்டு வேற வழியில போகலாம்மா" என்றார். "அக்கா, வாங்கினா தோத்த மாதிரியா?" என்று கேட்டாள்.

தோல்வி இல்லை. ஆனால் எதை விட்டு எதைப் பிடிக்கிறோம் என்று பார்க்க வேண்டும்.

சீராய்வில் புதிதாகச் சாட்சி விசாரிக்க மாட்டார்கள். கீழ்க் கோர்ட் உத்தரவில் சட்டப்பிழை இருக்கிறதா, ஆதாரத்தைப் பார்க்காமல் விட்டார்களா என்றுதான் பார்ப்பார்கள். புருஷனின் பங்கைக் காட்டும் படகுப் பத்திரம் கோர்ட்டில் தாக்கலாகியும் நீதிபதி அதைக் கணக்கில் எடுக்கவில்லையா? அப்படியானால் சீராய்வை விடவே கூடாது. அவளுக்கோ அந்தப் பத்திரமே பிறகுதான் கிடைத்தது. வாடகை வீட்டைக் காலி செய் என்ற நெருக்கடி வேறு. குடியிருக்கும் உரிமையைச் சீராய்வில் கேட்க முடியாது.

அதை 2005-ஆம் ஆண்டு குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தில் மேஜிஸ்ட்ரேட்டிடம் கேட்கலாம். வீடு, மருத்துவச் செலவு, பாதுகாப்பு எல்லாம் ஒரே மனுவில் வரும். 60 நாளில் முடிக்க முயல வேண்டும் என்கிறது சட்டம். நடைமுறையில் இழுக்கும், உண்மைதான். ஆனாலும் அவசரத்துக்கு இடைக்கால உத்தரவு கேட்கலாம். வன்முறை எதுவும் இல்லை, பிள்ளையின் செலவு கூடிவிட்டது, அவ்வளவுதான் என்றால் இது வேண்டாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக சுரக்ஷா சன்ஹிதா 146-ஆம் பிரிவில் தொகையை உயர்த்தக் கேட்டாலே போதும்.

இப்போது வாபஸுக்கு வருவோம். சிவில் வழக்கில் அனுமதி பெறாமல் வாபஸ் வாங்கினால், அதே காரணத்துக்கு மறுபடி வழக்குப் போட முடியாது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 23-ஆம் கட்டளை அப்படித்தான் சொல்கிறது. ஜீவனாம்சச் சீராய்வுக்கு அது அப்படியே பொருந்தாவிட்டாலும், "அன்றைக்கே விட்டுக்கொடுத்துவிட்டார்" என்று எதிர்த்தரப்பு பேச இடம் கொடுப்பானேன்? "வேறு சட்டப் பரிகாரம் தேடும் உரிமையோடு" என்ற வரி, வாபஸ் கேட்டுக் கோர்ட்டில் கொடுக்கும் மெமோவில் மட்டும் இருந்தால் போதாது, நீதிமன்ற உத்தரவிலும் வர வேண்டும். இவளுடைய மெமோவில் முதலில் அது இல்லை. படித்துக்காட்டச் சொன்னபோதுதான் தெரிந்தது. வக்கீல் அங்கேயே பேனாவால் எழுதிச் சேர்த்தார்.

வாபஸ் வாங்கினாலும் 8,000 ரூபாய் உத்தரவு நிற்கும். பாக்கி விழுந்தால், விழுந்த நாளிலிருந்து ஒரு வருஷத்துக்குள் அதை வசூலிக்கும் வாரண்டுக்கு மனு போட்டுவிட வேண்டும். வக்கீல் செலவுக்குத் தயங்குகிறவர்களுக்கு ஒரு சேதி: வருமானம் எவ்வளவாக இருந்தாலும் பெண்களுக்குச் சட்ட உதவி இலவசம். 15100-க்குப் போன் போடுங்கள்.

புது மனுவில் பழைய உத்தரவை மறைக்கக் கூடாது. ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் 2020-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. அவள் பழைய உத்தரவு, வாபஸ் உத்தரவு இரண்டின் நகலையும் வைத்துத்தான் மனு போட்டாள். படகுப் பத்திரத்தையும் சேர்த்து.