இருவர் காட்டிய 10 சென்ட்

அமெரிக்க இயக்குநர் டி. டபிள்யூ. கிரிஃபித்தின் ‘எ கார்னர் இன் வீட்’ 1909இல் வந்தது, சாப்ளினின் ‘தி இமிக்ரன்ட்’ 1917இல். இரண்டுமே பேசாத குறும்படங்கள்.

கிரிஃபித் பணத்தையும் பசியையும் ஒரே இடத்தில் நிறுத்துவதில்லை, மாற்றி மாற்றி வெட்டிக் காட்டுகிறார். கோதுமையை மொத்தமாக வாங்கிச் சந்தையை வளைத்துப்போட்ட முதலாளி வீட்டில் விருந்து. அடுத்த காட்சி ரொட்டிக்கடை: 5 சென்ட் ரொட்டி இனி 10 சென்ட் என்று அறிவிப்பு. அங்கே வரிசையில் நிற்பவர்கள் சிலைபோல உறைந்திருக்கிறார்கள். அந்த அசைவின்மை என்னை உலுக்கிவிட்டது. கடைசியில் அந்த முதலாளி தன் கோதுமைக்குள்ளேயே விழுந்து புதைகிறான்.

சாப்ளினிடம் முதலாளி யாரும் வேண்டியிருக்கவில்லை, ஓர் உணவகம் போதும். பில்லுக்கு 10 சென்ட் குறைந்த ஒருவரை சர்வர்கள் அடித்துத் துவைக்கிறார்கள். அதைப் பார்த்த நாடோடி (சாப்ளின் நடித்த பாத்திரம்), தெருவில் கண்டெடுத்த காசைப் பையில் தேடுகிறான். பையில் ஓட்டைதான் இருக்கிறது. சிரிக்கிறோம், ஆனால் வயிற்றைப் பிசைகிறது.

விலை யாரால் ஏறியது என்பதைப் புரியவைப்பவர் கிரிஃபித். ஆனாலும் முதலில் சாப்ளினைத்தான் பார்க்கச் சொல்வேன். ஏழு வயதிலேயே லண்டனில் ஏழைகள் விடுதியில் சேர்க்கப்பட்டவர் அவர். காசில்லாதவனின் கை எப்படித் தடவும் என்பது அவருக்குத் தெரியும்.